செவ்வாயின் காற்றழுத்தக் குறிப்பைப் படிப்பது எப்படி

செவ்வாய்க் கோளில் தரையிறங்கிய கலங்கள் அனுப்பிய வானிலைக் குறிப்புகளை இன்று எவரும் இணையத்திலிருந்து இறக்கிப் படிக்கலாம். பெரும்பாலும் ஒரு நாளுக்கு ஒரு வரிதான் இருக்கும்: நாள் எண், உச்ச வெப்பநிலை, தாழ்ந்த வெப்பநிலை, காற்றழுத்தம். வெப்பநிலை என்ன சொல்கிறது என்பது யாருக்கும் உடனே புரிந்துவிடும். அழுத்தத்தைக் குறிக்கும் எண்ணையோ பலரும் மேலோட்டமாகப் பார்த்துவிட்டுக் கடந்துபோகிறார்கள். அந்த வரியில் மிகுந்த செய்தி அடங்கியிருப்பது அதில்தான் என்பது என் உறுதியான கருத்து. புவியில் காற்றழுத்தம் கூடுவதும் குறைவதும் காற்று ஓரிடம் விட்டு இன்னோரிடம் நகர்வதால் நேர்கிறது. செவ்வாயிலோ, காற்றே குளிரில் உறைந்து தரையில் படிகிறது. வெயில் ஏறியதும் மீண்டும் வாயுவாகி எழுகிறது. கோள் முழுவதிலும் உள்ள காற்றின் மொத்த அளவே ஓராண்டுக்குள் கூடிக் குறைவதால், அங்கே அழுத்தமானி பருவகாலங்களின் கணக்கேடாக அமைந்துவிடுகிறது. அந்தக் கணக்கேட்டைப் படிக்கும் முறையை, நான் பழகிய வரிசையிலேயே இங்கே விளக்குகிறேன். தாளும் எழுதுகோலும் சாதாரணக் கணிப்பானும் இருந்தால் போதும்.

அலகைச் சரிபார்த்தல்

முதல் வேலை, எண்ணுக்குப் பின்னால் நிற்கும் அலகைப் பார்ப்பது. 1 மில்லிபார் என்பது 1 ஹெக்டோபாஸ்கல். அது 100 பாஸ்கலுக்குச் சமம். புவியில் கடல்மட்டத்தின் சராசரி அழுத்தம் 1013 மில்லிபார். செவ்வாயின் தரையில் அது ஏறத்தாழ 6 மில்லிபார், அதாவது 600 பாஸ்கல் அளவில் இருக்கும். இரண்டு கோள்களுக்கும் ஒரே அலகைப் பயன்படுத்தினால் ஒன்று மிகப் பெரிய எண்ணாகவும் மற்றது மிகச் சிறியதாகவும் வரும் என்பதால், செவ்வாய்க்குப் பாஸ்கலில் எழுதுவதே வசதி. எங்கேனும் "740 ஹெக்டோபாஸ்கல்" என்று செவ்வாயின் அழுத்தம் அச்சாகியிருந்தால் அது அலகுப் பிழை என்று தயங்காமல் முடிவு செய்யலாம். அது ஏறத்தாழத் தொட்டபெட்டா சிகரத்தின் உச்சியில் நாம் உணரும் அழுத்தம். அங்கே மனிதர் நின்று தேநீர் குடிக்கலாம். 740 பாஸ்கலில் அழுத்த உடை இல்லாமல் யாரும் நிற்க முடியாது.

இந்த எண்ணின் சிறுமை மனிதருக்குத் தெரியவந்து வெகுகாலம் ஆகவில்லை. தொலைநோக்கி வழியே ஒளியை ஆராய்ந்து, செவ்வாயின் அழுத்தம் 85 மில்லிபார் அளவில் இருக்கும் என்று 1950களில் மதிப்பிட்டிருந்தார்கள். 1965 ஜூலையில் மாரினர் 4 விண்கலம் கோளின் பின்புறமாகச் சென்று மறைந்தபோது, அதன் வானொலி அலை செவ்வாயின் காற்றைத் துளைத்து வந்த விதத்திலிருந்து, அழுத்தம் ஒற்றை இலக்க மில்லிபாரில்தான் இருக்கிறது என்று தெரிந்தது. இறக்கை விரித்து மிதந்து இறங்கும் கலங்களைப் பற்றிய திட்டங்கள் அத்துடன் கைவிடப்பட்டன.

மேடும் பள்ளமும்

அலகு சரியானதும், அளவு எடுக்கப்பட்ட இடத்தின் உயரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். இதைத் தவறவிட்டால் மேற்கொண்டு செய்யும் எந்த ஒப்பீடும் பயன்படாது. புவியில் மலைகளைத் தவிர்த்தால் நிலப்பரப்பு பெரும்பாலும் கடல்மட்டத்தை ஒட்டியே இருக்கிறது. செவ்வாயில் கடல் இல்லை, மேட்டுக்கும் பள்ளத்துக்கும் உள்ள வேறுபாடு மிகப் பெரிது. தென்கோளத்தில் உள்ள ஹெல்லாஸ் என்ற பெரும் வட்டப் பள்ளத்தின் தரை, கோளின் சுழிய மட்டத்துக்கு (கடல்மட்டத்துக்குப் பதிலாக உயரத்தை அளக்க வகுத்த அடிமட்டத்துக்கு) ஏறத்தாழ 7 கிலோமீட்டர் கீழே கிடக்கிறது. ஒலிம்பஸ் மலையின் உச்சி ஏறத்தாழ 22 கிலோமீட்டர் மேலே நிற்கிறது.

உயரத்துக்கு ஏற்ப அழுத்தத்தைத் திருத்த ஓர் எளிய விதி உண்டு: செவ்வாயில் 7.5 கிலோமீட்டர் ஏறினால் அழுத்தம் பாதியாகும், அதே அளவு இறங்கினால் இரட்டிப்பாகும். சிறிய உயர வேறுபாட்டுக்கு, ஒரு கிலோமீட்டருக்கு 9 விழுக்காடு என்று வைத்துக்கொண்டால் போதும். புவியில் ஏறத்தாழ 5.5 கிலோமீட்டரிலேயே பாதியாகிவிடும் அழுத்தம், அவ்வளவு குளிர்ந்த கோளில் ஏன் மெதுவாகக் குறைகிறது என்ற கேள்வி எழுவது இயல்பு. காற்று குளிர்ந்திருப்பதும், அதன் பெரும்பகுதியான கார்பன் டை ஆக்சைடு கனமான வாயுவாக இருப்பதும் காற்றைத் தரையோடு நெருக்கவே பார்க்கின்றன. ஆனால் ஈர்ப்பு புவியில் உள்ளதில் 38 விழுக்காடு மட்டுமே என்பதால், அந்த இரண்டையும் மீறி, காற்று மேல்நோக்கி நீண்டு நிற்கிறது.

எந்த எண்ணிலிருந்து தொடங்குவது என்பதில் கவனம் தேவை. நூல்களில் அடிக்கடி வரும் 610 பாஸ்கல் என்பது ஒரு குறியீட்டு எண். நீர் பனியாகவும் திரவமாகவும் ஆவியாகவும் ஒருங்கே இருக்கக்கூடிய மும்மைப் புள்ளியின் அழுத்தத்தை ஒட்டி, மாரினர் 9 காலத்தில் செவ்வாயின் சுழிய மட்டத்தை வரையறுக்க அது பயன்பட்டது. பிறகு லேசர் உயரமானியைக் கொண்டு ஈர்ப்பின் அடிப்படையில் புதிய சுழிய மட்டம் வகுக்கப்பட்டது, இரண்டும் ஒன்றல்ல. இன்றைய நிலப்படத்தின் உயரத்தோடு பழைய 610-ஐச் சேர்த்துக் கணக்கிட்டால் விடை கூடுதலாகவே வரும். ஆகவே, அளந்த இடம் ஒன்றை ஆதாரமாகக் கொள்வதே நல்லது. நான் எப்போதும் வைக்கிங் 1 கலத்திலிருந்து தொடங்குகிறேன். 1976 ஜூலை 20 அன்று கிரைசி சமவெளியில் இறங்கிய அந்தக் கலம், சுழிய மட்டத்துக்கு 3.6 கிலோமீட்டர் கீழே நின்றுகொண்டு, ஆண்டுக்குள் அழுத்தம் 690 முதல் 900 பாஸ்கல் வரை ஏறி இறங்குவதைப் பதிவு செய்தது.

கியூரியாசிட்டி ஊர்தி 2012 ஆகஸ்டில் இறங்கிய கேல் பள்ளத்தின் தரை 4.5 கிலோமீட்டர் கீழே இருக்கிறது, அதாவது வைக்கிங் 1 நின்ற இடத்தைவிட 0.9 கிலோமீட்டர் தாழ்வு. கிலோமீட்டருக்கு 9 விழுக்காடு என்ற கணக்கில் 750 முதல் 975 பாஸ்கல் வரை எதிர்பார்க்கலாம். அங்கே முதலாண்டில் உண்மையில் பதிவான நாள் சராசரிகள் ஏறத்தாழ 735 முதல் 925 வரை. தாளில் போட்ட கணக்கு இரண்டு முதல் ஐந்து விழுக்காடு வரை கூடுதலாக வந்திருக்கிறது. வேறொரு அரைக்கோளத்தில், வேறு வகை நிலத்தில் எடுத்த அளவைக் கொண்டு செய்யும் கணிப்புக்கு இது போதுமான துல்லியம். இதே முறையில் ஹெல்லாஸின் அடித்தளத்துக்குக் கணக்கிட்டால் ஆண்டுச் சராசரி ஏறத்தாழ 1,100 பாஸ்கலும், ஒலிம்பஸ் உச்சிக்கு 70-80 பாஸ்கலும் கிடைக்கும். ஒரே கோளில், ஒரே நாளில், பதினான்கு மடங்கு வேறுபாடு.

கியூரியாசிட்டியின் பதிவுகளைப் படிப்பவர் இன்னொன்றையும் நினைவில் வைக்க வேண்டும். அந்த ஊர்தி கேல் பள்ளத்தின் நடுவே உள்ள ஷார்ப் மலையின் சரிவில் ஆண்டுக்கணக்கில் ஏறிக்கொண்டே இருக்கிறது. எழுநூறு மீட்டர் ஏறினாலே அழுத்தம் ஆறு விழுக்காடு குறையும். அதைத் திருத்தாமல் ஆண்டுக்கு ஆண்டு ஒப்பிட்டால், செவ்வாய் தன் காற்றை இழந்துவருகிறது என்று தவறாக முடிவு கட்ட நேரும்.

பருவத்தைக் கண்டுபிடித்தல்

அடுத்ததுதான் இந்த முறையின் மையம். செவ்வாயின் நாள் 24 மணி 39 நிமிடம் 35 நொடி. அதைச் சோல் என்பார்கள். அதன் ஆண்டு 668.6 சோல், நம் கணக்கில் 687 நாட்கள். மாதங்கள் இல்லாததால், சூரியனைச் சுற்றி வரும் பாதையில் கோள் எந்த இடத்தில் இருக்கிறது என்பதைப் பாகையில் சொல்வது வழக்கம். சூரிய நெட்டாங்கு எனப்படும் இதை அறிக்கைகளில் எல்.எஸ். என்று சுருக்கி எழுதுவார்கள். சுழியத்தில் வடகோளத்தின் இளவேனில் தொடங்குகிறது. 90-இல் அங்கே கோடை, 180-இல் இலையுதிர்காலம், 270-இல் குளிர்காலம். தென்கோளத்துக்கு எல்லாம் நேர்மாறு.

அறிக்கையில் நெட்டாங்கு தரப்படவில்லை என்றால் நீங்களே தோராயமாகக் கண்டுபிடிக்கலாம். 1955 ஏப்ரல் 11 அன்று செவ்வாயின் முதல் ஆண்டு தொடங்கியதாக ஆய்வாளர்கள் ஒரு மரபை வகுத்துக்கொண்டிருக்கிறார்கள். அந்த எண்ணிக்கைப்படி 36-ஆம் ஆண்டு 2021 பிப்ரவரி 7 அன்றும், 37-ஆம் ஆண்டு 2022 டிசம்பர் 26 அன்றும், 38-ஆம் ஆண்டு 2024 நவம்பர் 12 அன்றும் தொடங்கின. தொடக்க நாளிலிருந்து எத்தனை புவி நாட்கள் கடந்தன என்று எண்ணி, 1.0275-ஆல் வகுத்தால் சோல் கணக்கு வரும். வடகோளத்தின் இளவேனிலுக்கு 193 சோல், கோடைக்கு 179, இலையுதிர்காலத்துக்கு 143, குளிர்காலத்துக்கு 154 என்று வரிசையாகக் கழித்துக்கொண்டே வாருங்கள். எடுத்துக்காட்டாக, 2024 நவம்பர் 12-க்குப் பிறகு 198 புவி நாட்கள் கடந்தால் 193 சோல் ஆகிறது. ஆகவே 2025 மே மாதக் கடைசியில் நெட்டாங்கு 90-ஐ எட்டி, வடக்கில் கோடைத் திருப்பம் வந்தது.

பருவங்களின் நீளம் இப்படிச் சமமில்லாமல் இருப்பது கவனத்துக்குரியது, ஏனெனில் அழுத்தத்தின் கதை முழுவதும் அதில்தான் இருக்கிறது. செவ்வாயின் பாதை நன்றாக நீள்வட்டமானது. சூரியனுக்கு மிக அருகில் வரும்போது தொலைவு 20.7 கோடி கிலோமீட்டர், மிக விலகும்போது 24.9 கோடி கிலோமீட்டர். இதனால் கிடைக்கும் வெயிலில் 45 விழுக்காடு வேறுபாடு உண்டாகிறது. விலகியிருக்கும் காலம், நெட்டாங்கு 71-ஐ ஒட்டி, தென்கோளத்தின் இலையுதிர்காலத்தில் வருகிறது. நெருங்கும் காலம் 251-ஐ ஒட்டி, தென்கோளத்தின் இளவேனில் முடியும் தறுவாயில் வருகிறது. தொலைவில் கோள் மெதுவாக நகர்வதால், தென்கோளத்தின் இலையுதிர்காலமும் குளிர்காலமும் சேர்ந்து 372 சோல் நீடிக்கின்றன. வடகோளத்துக்கு அதே இரண்டும் 297 சோல்தான்.

இனி ஆண்டு முழுவதுக்குமான அழுத்தத்தை ஒரு கட்டத்தாளில் வரைந்து பாருங்கள். கிடைக்கோட்டில் நெட்டாங்கு, நிமிர்கோட்டில் பாஸ்கல். முதன்முதலில் வைக்கிங் பதிவுகளைக் கையால் குறித்து வரைந்தபோது எனக்கு ஏற்பட்ட வியப்பு இன்னும் மாறவில்லை. கணினித் திரையில் வரும் ஆயத்த வரைபடத்தைப் பார்ப்பதைவிட, பத்துச் சோலுக்கு ஒரு புள்ளியாக வைத்துக்கொண்டு போகும்போதுதான், காற்று தரையில் படிவதை விரல் உணர்கிறது. புள்ளிகளை இணைத்தால் இரண்டு மேடும் இரண்டு பள்ளமும் உள்ள கோடு கிடைக்கும். ஆண்டின் தொடக்கத்தில் வடதுருவத்தில் படிந்திருந்த உலர்பனி, அதாவது உறைந்த கார்பன் டை ஆக்சைடு, ஆவியாவதால் கோடு மெல்ல ஏறி, நெட்டாங்கு 55 அளவில் சிறிய மேட்டை எட்டுகிறது. பிறகு தெற்கில் நீண்ட குளிர்காலம் தன் வேலையைத் தொடங்குகிறது; சூரிய ஒளியே படாத இருளில் கார்பன் டை ஆக்சைடு நாள்தோறும் உறைந்துகொண்டே போக, கோடு சரிந்து, 150-ஐ ஒட்டி ஆண்டின் மிக ஆழமான பள்ளத்தைத் தொடுகிறது. அங்கிருந்து செங்குத்தான ஏற்றம்: தென்துருவத்தின் உலர்பனி, சூரியன் நெருங்கிவரும் நேரத்தில் விரைவாக வாயுவாக, 260 அளவில் ஆண்டின் உச்சம் வருகிறது. அதன்பின் வடதுருவம் உறையத் தொடங்கி, 340-ஐ ஒட்டிச் சிறிய பள்ளம். தாழ்ந்த நிலைக்கும் உச்சத்துக்கும் இடையே ஏறத்தாழ முப்பது விழுக்காடு வேறுபாடு.

இந்த ஏற்ற இறக்கம் அளக்கப்படுவதற்குப் பத்தாண்டுகள் முன்பே, 1966-இல், அமெரிக்க அறிவியலாளர்களான ராபர்ட் லெய்ட்டனும் புரூஸ் மர்ரேயும் அதைக் கணக்கிட்டுச் சொல்லியிருந்தார்கள். துருவப் பனி நீர்ப்பனிதான் என்று பலரும் நம்பிய காலம் அது. துருவத்தின் குளிர்கால வெப்பச் சமநிலையைக் கணக்கிட்ட அவர்கள், அங்கே காற்றின் முதன்மை வாயுவே உறைந்தாக வேண்டும், அதனால் கோள் முழுவதும் அழுத்தம் பருவத்துக்கேற்ப மாற வேண்டும் என்று காட்டினார்கள். வைக்கிங் கலங்களின் அழுத்தமானிகள் அதை அப்படியே மெய்ப்பித்தன.

நாளின் நேரம்

இடமும் பருவமும் தெரிந்த பிறகும், அளவு எடுத்த மணியைக் கேட்க வேண்டும். வெப்பமண்டலப் பகுதியில் வாழும் நமக்கு, காலை பத்து மணியளவில் அழுத்தம் சற்றுக் கூடி, மாலை நான்கு மணியளவில் குறையும் வழக்கம் வானிலைப் பதிவுகளிலிருந்து தெரியும். ஆனால் அது ஆயிரத்தில் மூன்று பங்குதான். செவ்வாயில் காற்று மெல்லியது என்பதால் பகல் வெயில் அதை முழுமையாகச் சூடாக்குகிறது, இரவு முழுமையாகக் குளிர்விக்கிறது. இதனால் எழும் வெப்ப அலை, அதாவது வெயிலால் உண்டாகும் அழுத்த ஏற்ற இறக்கம், கோளைச் சுற்றி வருகிறது. கேல் பள்ளத்தில் காலை ஏழு எட்டு மணிக்கு உச்சத்தில் இருக்கும் அழுத்தம், மாலை நான்கிலிருந்து ஆறு மணிக்குள் பத்து விழுக்காடு அளவுக்கு இறங்கிவிடுகிறது. பள்ளத்தின் சுவர்கள் இந்த வேறுபாட்டை இன்னும் பெருக்குகின்றன. ஆகவே, ஒரு கலத்தின் காலை அளவையும் இன்னொன்றின் மாலை அளவையும் ஒப்பிடக் கூடாது. நாள் சராசரியை நாள் சராசரியோடு மட்டும் ஒப்பிடுங்கள்.

நொடிக்கு நொடி எடுத்த பதிவுகள் கிடைத்தால், நடுப்பகல் வேளையில் சில பாஸ்கல் அளவுக்குச் சட்டென்று விழுந்து, ஒரு நிமிடத்துக்குள் மீளும் கூரான பள்ளங்கள் தென்படும். அவை கலத்தைக் கடந்து சென்ற சுழிக்காற்றுகள். 2018 நவம்பரில் எலிசியம் சமவெளியில் இறங்கிய இன்சைட் கலம் இவற்றை ஆயிரக்கணக்கில் பதிவு செய்தது. கருவியின் நுட்பத்தையும் கவனிக்க வேண்டும்: வைக்கிங் கலங்களின் அழுத்த அளவு 0.088 மில்லிபார் என்ற படிகளாக மட்டுமே பதிவானதால், அதில் ஒரு படி ஏற்றத்தையோ இறக்கத்தையோ வானிலை நிகழ்வாகக் கொள்ளலாகாது.

வெப்பநிலையோடு சேர்த்துப் படித்தல்

அழுத்தம் புரிந்த பிறகு வெப்பநிலை எண்கள் தாமே பேசத் தொடங்கும். கோளின் சராசரி ஏறத்தாழ −63 டிகிரி செல்சியஸ். வைக்கிங் 1 நின்ற இடத்தில் ஒரே நாளுக்குள் −89-இலிருந்து −31 வரை ஏறி இறங்கும் வழக்கம் இருந்தது. தரையின் வெப்பநிலையா, தரைக்கு ஒன்றரை மீட்டர் மேலே உள்ள காற்றின் வெப்பநிலையா என்று பார்த்துக்கொள்ளுங்கள். நடுப்பகலில் மண் சுழியத்துக்கு மேலே இருக்கும்போதே, நெஞ்சு உயரத்தில் காற்று பல டிகிரி குளிர்ந்து கிடக்கும். "செவ்வாயில் இன்று 10 டிகிரி" என்று வரும் செய்திகள் பெரும்பாலும் மண்ணின் வெப்பநிலையைக் குறிப்பவை.

கீழ்நோக்கி ஓர் எல்லை உண்டு. 600 பாஸ்கலில் கார்பன் டை ஆக்சைடு உறையும் வெப்பநிலை −125 டிகிரி அளவில் இருக்கிறது. கொதிக்கும் நீர், அடுப்பை எவ்வளவு கூட்டினாலும் 100 டிகிரியைத் தாண்டாமல் ஆவியாகிக்கொண்டே இருப்பது போல, துருவ இரவில் தரை எவ்வளவு வெப்பத்தை இழந்தாலும் அந்த எல்லைக்குக் கீழே போகாமல், மேலும் மேலும் உலர்பனியைச் சேர்த்துக்கொள்கிறது. உலர்பனி படிந்த தரையில் −125-ஐவிட மிகக் குறைந்த எண் கண்டால், அது அழுத்தம் குறைந்த உயரமான இடமா என்று பாருங்கள்; அப்படியும் இல்லையெனில் அந்த அளவை ஐயத்துடனேயே அணுகுங்கள்.

நீர்ப்பனி இதிலிருந்து வேறானது. 48 பாகை வட அகலாங்கில் நின்ற வைக்கிங் 2, 1979 மே 18 அன்று எடுத்த ஒரு படம் என் மேசைக்கு மேலே இருக்கிறது. செம்பழுப்புக் கற்கள் கண்ணுக்கெட்டியவரை சிதறிக் கிடக்கின்றன. கற்களின் நிழல் பக்கத்திலும், இடையே உள்ள பள்ளங்களிலும், கோலமாவைத் தூவியது போல மெல்லிய வெண்மை. கல்லின் முதுகில் அது இல்லை, வெயில் படாத ஓரங்களில் மட்டும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. முடியிழை அளவு தடிமன்கூட இல்லாத அந்தப் படலம்தான் அங்குள்ள நீரின் இயல்பைச் சொல்கிறது. 700 பாஸ்கலில் நீர் ஏறத்தாழ 2 டிகிரியிலேயே கொதித்துவிடும். ஹெல்லாஸின் அடியில் 9 டிகிரி வரை தாங்கலாம். உறைநிலைக்கும் கொதிநிலைக்கும் இடையே அவ்வளவு குறுகிய இடைவெளியில் திரவமாக நிலைத்து நிற்க வழியில்லாததால், பனி உருகாமல் நேரே ஆவியாகிறது.

இங்கே பலருக்கும் எழும் ஐயத்தை நேரடியாகவே எடுத்துக்கொள்கிறேன். காற்றில் 95 விழுக்காடு கார்பன் டை ஆக்சைடாக இருந்தும் செவ்வாய் ஏன் இவ்வளவு குளிர்ந்து கிடக்கிறது? ஒரு சதுர மீட்டர் தரைக்கு மேலே நிற்கும் காற்றின் நிறையை அறிய, அழுத்தத்தை ஈர்ப்பு முடுக்கத்தால் வகுக்க வேண்டும்: 610-ஐ 3.71-ஆல் வகுத்தால் 164 கிலோகிராம். அதில் பெரும்பங்கு கார்பன் டை ஆக்சைடு என்பதால், புவியில் ஒரு சதுர மீட்டருக்கு மேலே உள்ள அதே வாயுவைவிட இருபது மடங்குக்கும் கூடுதலாகவே அங்கே இருக்கிறது. ஆயினும் பசுமைக்குடில் விளைவால் கிடைக்கும் வெப்பம் ஏறத்தாழ 5 டிகிரி மட்டும். அழுத்தம் குறைந்த இடத்தில் மூலக்கூறுகள் அதிகம் மோதிக்கொள்ளாததால், அவை வெப்பக் கதிரை உறிஞ்சும் அலைநீளப் பட்டைகள் மிகக் குறுகிவிடுகின்றன. பட்டைகளுக்கு இடையே உள்ள திறந்த வழிகளில் வெப்பம் தப்பிவிடுகிறது. அந்த வழிகளை அடைக்கக்கூடிய நீராவியும் அங்கே மிகக் குறைவு. வாயு எது என்பதோடு, அது எவ்வளவு அழுத்தத்தில் இருக்கிறது என்பதும் தட்பவெப்பத்தைத் தீர்மானிக்கிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று எனக்குத் தெரியவில்லை.

புழுதியின் கைவண்ணம்

மேலே சொன்ன எல்லாவற்றையும் குலைக்கக்கூடியது புழுதி. நெட்டாங்கு 180-இலிருந்து 360 வரை, சூரியன் அருகில் இருக்கும் பாதி ஆண்டு, புழுதிப்புயலின் காலம். மாரினர் 9 கலம் 1971 நவம்பரில் சென்று சேர்ந்தபோது கோள் முழுவதும் புழுதியால் மூடியிருந்தது. 2018-இல் எழுந்த புயலில், ஆப்பர்சூனிட்டி ஊர்தி நின்ற இடத்தில் பகல் இரவாகி, ஜூன் 10-க்குப் பிறகு அதனிடமிருந்து எந்தச் செய்தியும் வரவில்லை. பதினைந்தாண்டுகளுக்கு நெருக்கமாக உழைத்த ஊர்தி அது.

புயலை எண்களிலிருந்தே அடையாளம் காணலாம். காற்றில் நிறைந்த புழுதி பகல் வெயிலைத் தானே வாங்கிக்கொள்வதால், தரையருகே பகல் உச்சம் குறைகிறது. இரவில் அதே புழுதி போர்வையாகி, தாழ்ந்த வெப்பநிலையை உயர்த்துகிறது. அதே நேரத்தில், காற்று முழு உயரத்துக்கும் சூடாவதால், நாளுக்குள் அழுத்தம் ஏறி இறங்கும் வீச்சு பெருகுகிறது. வெப்பநிலையின் வீச்சு சுருங்கி, அழுத்தத்தின் வீச்சு விரிந்தால் புழுதி எழுந்துவிட்டது என்று கொள்ளலாம். அழுத்த வீச்சு மட்டும் விரிந்து, உங்கள் இடத்தின் வெப்பநிலை மாறாதிருந்தால், புயல் கோளின் வேறொரு பகுதியில் இருக்கிறது. வெப்ப அலை கோள் முழுவதையும் சுற்றுவதால் அதன் சேதி உங்கள் அழுத்தமானிக்கு முன்னதாகவே வந்துவிடுகிறது.

காற்றின் வேகத்தைப் படிக்கும்போது மட்டும் நிதானம் வேண்டும். புயலின்போது வைக்கிங் கலங்கள் நொடிக்கு 17 முதல் 30 மீட்டர் வரை வேகத்தைப் பதிவு செய்தன. 30 மீட்டர் என்பது புவியில் மரங்களைச் சாய்க்கும் வேகம். செவ்வாயின் காற்று எண்பது மடங்கு மெல்லியதாக இருப்பதால், அது தள்ளும் விசை புவியில் நொடிக்கு மூன்றரை மீட்டர் வேகத்தில் வீசும் இளங்காற்றின் விசைக்குச் சமம். நிற்கும் கலத்தைக் காற்று கவிழ்க்கும் என்ற அச்சம் தேவையில்லை. ஆனால் மிக நுண்ணிய புழுதியைத் தூக்கிச் செல்ல அது போதும்.

ஒரு குறிப்பை முழுமையாகப் படித்தல்

இப்போது எல்லாவற்றையும் சேர்த்துப் பார்ப்போம். பெர்சிவியரன்ஸ் ஊர்தி 2021 பிப்ரவரி 18 அன்று இறங்கிய ஜெசரோ பள்ளம், சுழிய மட்டத்துக்கு ஏறத்தாழ 2.6 கிலோமீட்டர் கீழே இருக்கிறது. 2025 செப்டம்பர் கடைசியில் அங்கே என்ன அழுத்தம் இருந்திருக்கும்? மே மாதக் கடைசியில் நெட்டாங்கு 90. நவம்பர் மாதக் கடைசியில் 180. ஆகவே செப்டம்பர் கடைசியில் 150-ஐ ஒட்டி, அதாவது ஆண்டின் மிகத் தாழ்ந்த பள்ளத்தில் இருக்கிறோம். அந்தப் பருவத்தில் வைக்கிங் 1 நின்ற இடத்துக்கு 690 பாஸ்கல். ஜெசரோ அதைவிட ஒரு கிலோமீட்டர் உயரம் என்பதால் 9 விழுக்காடு கழித்தால், நாள் சராசரி 630 பாஸ்கல் அளவில் வருகிறது. மாலை நான்கு மணிக்கு எடுத்த ஓர் அளவு 610 என்று காட்டினால், அது நாளின் இயல்பான இறக்கம். அதில் ஐயப்பட எதுவுமில்லை. அதே அளவு காலை ஏழு மணிக்கு வந்திருந்தால், உயரத்தையும் நெட்டாங்கையும் மீண்டும் ஒருமுறை சரிபார்ப்பேன்.

இதிலிருந்து காற்றின் அடர்த்தியையும் கண்டுபிடிக்கலாம். பாஸ்கலில் உள்ள அழுத்தத்தைச் செவ்வாய்க் காற்றின் வாயு மாறிலியான 192-ஆல் வகுத்து, வரும் விடையைக் கெல்வினில் உள்ள வெப்பநிலையால் மீண்டும் வகுக்க வேண்டும். பிற்பகலில் −33 டிகிரி என்றால் 240 கெல்வின். 630-ஐ 192-ஆலும் 240-ஆலும் வகுத்தால், ஒரு கனமீட்டருக்கு 0.0137 கிலோகிராம் கிடைக்கிறது. புவியில் இது 1.2 கிலோகிராம்.

இந்தச் சிறிய எண்ணில் ஏற்படும் மாற்றம் எவ்வளவு பெரிய பொருட்டு என்பதை, பெர்சிவியரன்ஸுடன் சென்ற, 1.8 கிலோகிராம் எடையுள்ள இன்ஜெனுயிட்டி ஹெலிகாப்டரை இயக்கியவர்கள் 2021-இல் நேரடியாக எதிர்கொண்டார்கள். கனமீட்டருக்கு 0.0145 முதல் 0.0185 கிலோகிராம் வரையிலான அடர்த்திக்காக வடிவமைக்கப்பட்ட அந்தக் கருவி, ஏப்ரலில் பறக்கத் தொடங்கியபோது நெட்டாங்கு இளவேனிலின் தொடக்கத்தில் இருந்தது. செப்டம்பருக்குள் 100-ஐத் தாண்டியது. தென்துருவம் காற்றை உறைய வைத்துக்கொண்டிருந்தது. பிற்பகல் அடர்த்தி 0.012 வரை இறங்கக்கூடும் என்று கணக்கு காட்டியது. பல்லாயிரம் கிலோமீட்டர் தொலைவில், மறு அரைக்கோளத்தின் இருளில் படிந்துகொண்டிருந்த உலர்பனி, ஜெசரோவில் இறக்கைகளுக்குக் கீழே இருந்த காற்றைக் குறைத்துக்கொண்டிருந்தது. முன்பு நிமிடத்துக்கு 2,537 சுற்றுகளில் சுழன்ற இறக்கைகளை, தரையில் நிறுத்தியபடியே 2,800 சுற்றுகள் வரை சுழற்றிச் சோதித்துவிட்டு, அக்டோபர் 24 அன்று 2,700 சுற்றுகளில் அதைப் பறக்கவிட்டார்கள்.